பாட்டு வரிசை மாறாதிருக்க வேண்டி ஒரு மனு

தொண்ணூறுகளின் நடுவில் இரண்டு வருடத்துக்கு மேல் நான் பாட்டைக் கேட்டுத்தான் பஸ்ஸை விட்டு இறங்கினேன். அம்பாசமுத்திரத்தில் வீடு, பாளையங்கோட்டையில் ஒரு அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளர் வேலை. காலை எட்டு மணிக்கு அம்பையிலிருந்து கிளம்பும் தனியார் பஸ் ஒன்றில் ஏறி, பெண்கள் பக்கம் ஜன்னலோரம் இடம் பிடித்து, கல்லிடைக்குறிச்சி வருவதற்குள் தூங்கிவிடுவேன். குலவணிகர்புரம் ரயில்வே கேட்டில் இறங்கி டவுன் பஸ் பிடிக்க வேண்டும். என்னை யாரும் எழுப்ப வேண்டியதில்லை. ஒரு டூயட் பாட்டில் பெண் குரல் இரண்டாவது சரணத்தை எடுத்ததும் கண் தானாகத் திறக்கும். வெளியே கேட் வந்துகொண்டிருக்கும்.

இது என் தனிச் சாமர்த்தியம் என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். ஆனால் அந்த பஸ்ஸில் தினமும் வந்த எல்லோருமே அப்படித்தான். வீரவநல்லூரில் ஏறும் கோர்ட் சார் உட்காரும்போதே பாதி தூங்கியிருப்பார். நீதிமன்றத்தில் பழைய வழக்குக் கட்டுகளை வைத்திருக்கும் அறைக்குப் பொறுப்பாளர். சாதுவான மனிதர், மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப்பையில் வைத்தால் அவர் நாள் முடிந்தது. சேரன்மகாதேவியில் ஏறி என் பக்கத்தில் உட்காரும் டீச்சர், பாளையங்கோட்டையில் ஒரு மிஷன் பள்ளியில் கணக்குப் பாடம் எடுப்பவர். சினிமாப் பாட்டு காதில் விழுவதே பாவம் என்று நினைத்த வீட்டில் பிறந்தவர். அவரும் மேலப்பாளையத்தில் ஒரு குத்துப்பாட்டின் மேளம் தொடங்கியதும் எழுந்து பையிலிருந்து சீப்பை எடுப்பது என் அரைத்தூக்கத்திலும் தெரியும். பாட்டு முடிவதற்குள் தலையைச் சரிசெய்துவிட்டு, யாருக்கோ மன்னிப்பு கேட்பதுபோல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்.

எல்லாம் ஓட்டுநர் அண்ணாச்சியின் ஏற்பாடு. நாற்பது வயது இருக்கும், கனத்த உடம்பு, அதிகம் பேச மாட்டார். ஞாயிற்றுக்கிழமைகளில் திருநெல்வேலி ஜங்ஷனில் ஒரு கேசட் ரெக்கார்டிங் கடையில் போய் உட்கார்ந்து, பாட்டுகளைப் பொறுக்கி, தொண்ணூறு நிமிடக் கேசட்டில் பதிந்து வாங்குவார். எந்தப் பாட்டு எந்த ஊரில் வரவேண்டும் என்பதற்கு அவரிடம் கணக்கு இருந்தது. "ஆத்துப் பாலத்துல வண்டி ஏறும்போது புல்லாங்குழல் வரணும்லா. அங்கன போயி டிரம்ஸைப் போட்டா நல்லாவா இருக்கும்?" என்று அவர் நடத்துநரிடம் சொன்னது ஒருநாள் அரைத்தூக்கத்தில் என் காதில் விழுந்தது. சேரன்மகாதேவியில் பஸ் ஐந்து நிமிடம் நிற்கும். அங்கே கேசட்டின் முதல் பக்கம் முடியும், திருப்பிப் போடுவார். பாட்டுக்கு வண்டி முந்தினால் வேகத்தைக் குறைப்பார், பிந்தினால் அழுத்துவார். பஸ் முதலாளி கொடுத்த நேர அட்டவணை ஒன்றும் கண்ணாடியில் ஒட்டியிருந்தது. அதை யாரும் பார்த்த நினைவில்லை.

அந்தத் தீபாவளி முடிந்த திங்கட்கிழமை அண்ணாச்சி புதுக் கேசட் கொண்டுவந்தார். நான்கைந்து புதுப்படங்கள் வந்திருந்தன, அவருக்குக் கை சும்மா இருக்குமா. எங்களுக்கு அது தெரியாது, வழக்கம்போல் தூங்கினோம். கண் விழித்தபோது பஸ் கடைசி நிறுத்தமான ஜங்ஷனில் நின்றுகொண்டிருந்தது. மேலப்பாளையத்திலும் ரயில்வே கேட்டிலும் இறங்கியிருக்க வேண்டிய பதினோரு பேர், சட்டை கசங்கி, சேலை கசங்கி, ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றோம். கோர்ட் சாரின் நிலைமைதான் மோசம். கட்டு அறையின் சாவி அவர் இடுப்பில் இருந்தது, நீதிபதி மேடைக்கு வந்து உட்கார்ந்துவிட்டார். என் அலுவலகத்தில் தாமதத்துக்கு எழுத்து மூலம் விளக்கம் கேட்டார்கள். பாட்டு மாறிவிட்டது என்று எழுதவா முடியும்? வண்டிப் பழுது என்று எழுதினேன்.

புதுவரிசை பழகி வரும் வேளையில் அடுத்த வாரம் இன்னொரு கேசட். மறுபடியும் ஜங்ஷன். மனு கொடுப்பது என்று முடிவானது அன்றைக்குத்தான்.

"வாயால சொன்னாப் போதாதா? இங்கனதான் முன்னால உக்காந்திருக்கார்" என்று டீச்சர் கேட்டார். நியாயமான கேள்வி. ஆனால் அந்த பஸ்ஸில் பாதிப்பேர் அரசு ஊழியர்கள். எதையும் எழுதிக் கொடுத்தால்தான் எங்களுக்கு அது நடந்ததாகவே தோன்றும். தவிர, கடிதம் எழுதுவதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் உண்டு. என் வரைவில் அதிகாரி ஒரு புள்ளியைக்கூடத் திருத்தமாட்டார் என்று அலுவலகத்தில் பெயர். மதிய உணவு நேரத்தில் தட்டச்சுப் பொறியில் தாளைச் செருகி உட்கார்ந்தேன்.

"பொருள்: பேருந்து – காலை நேரப் பயணம் – ஒலிபரப்பப்படும் பாடல்களின் வரிசையை மாற்றாதிருக்கக் கோருதல் – தொடர்பாக" என்று தொடங்கினேன். மேற்படி வரிசையை நம்பியே பயணிகள் அயர்ந்து உறங்கி வருவதாலும், முன்னறிவிப்பின்றி வரிசை மாற்றப்பட்டதால் தத்தம் நிறுத்தங்களில் இறங்க இயலாமல் போனதாலும், பழைய வரிசையையே தொடர்ந்து ஒலிபரப்ப ஆவன செய்யுமாறு பேருந்து உரிமையாளரைக் கேட்டுக்கொண்டேன். இருபத்தேழு பேர் காலையிலேயே தனித்தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தார்கள். அடித்து முடித்துப் படித்துப் பார்த்தபோது எனக்கே பெருமையாக இருந்தது.

அந்தப் பெருமையில்தான் தப்பு நடந்தது. அரசு அலுவலகத்தில் ஒரு கடிதம் முடிந்தால் கை தானாக இடது ஓரத்துக்குப் போகும், "நகல்" என்று அடிக்கும். நகல் இல்லாத கடிதத்தை நான் அதுவரை அடித்ததே இல்லை. யாருக்குப் போடலாம் என்று ஒரு நொடி யோசித்தேன். விஷயம் பஸ் பற்றியது, ஆகவே போக்குவரத்து அலுவலகம். அசலை உரிமையாளருக்குத் தபாலில் போட்டேன். கார்பன் நகலை உறையிலிட்டு அலுவலகத் தபாலோடு தபாலாக அனுப்பிவிட்டு, மீதி சோற்றைச் சாப்பிடப் போனேன். நகல் போன விஷயம் வேறு யாருக்கும் தெரியாது, எனக்கே சாயங்காலத்துக்குள் மறந்துபோனது.

பஸ் முதலாளி வெளியூரில் இருந்தார். அசல் அவர் மேசையில் உறை பிரிக்காமல் கிடந்தது. நகல் வேலை செய்தது. அனுமதி வாங்காமல் பஸ்ஸில் பாட்டுப்பெட்டி வைக்கக் கூடாது என்று எங்கோ ஒரு விதி இருந்திருக்கிறது. ஒரு புதன்கிழமை காலை ஏறிப் பார்த்தால், அண்ணாச்சியின் தலைக்கு மேலே பெட்டி இருந்த இடத்தில் சதுரமாக ஒரு ஓட்டை, அதிலிருந்து இரண்டு வயர்கள் தொங்கிக்கொண்டிருந்தன.

"போக்குவரத்து ஆபீசுக்கு எவனோ எழுதிப் போட்டிருக்கான்" என்றார் அண்ணாச்சி, யாரையும் பார்க்காமல். "பாட்டு பிடிக்கலைன்னா எங்கிட்டச் சொல்ல வேண்டியதுதான. நான் என்ன கடிச்சா தின்னுருவேன்?"

நான் அனுப்பிய நகல் அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. மற்ற இருபத்தாறு பேரும் நிம்மதியாக இருந்தார்கள். எங்கள் மனு முதலாளிக்கல்லவா போனது, இது வேறு யாரோ செய்த வேலை. அந்த யாரோ யார் என்று எல்லோரும் தேடியபோது பார்வை கோர்ட் சார் மேல் விழுந்தது. அதிகம் பாதிக்கப்பட்டவர் அவர், சட்டம் தெரிந்தவரும் அவர்தான். அண்ணாச்சியும் அப்படியே முடிவுகட்டினார். வீரவநல்லூர் நிறுத்தத்துக்கு முன்னால், கோர்ட் சார் தெருமுனையில் கைகாட்டினால் பஸ்ஸை நிறுத்துவது அவருக்காகவே இருந்த மரியாதை. மறுநாளிலிருந்து அது நின்றது. அவர் கையை நீட்டிக்கொண்டே நிற்க, பஸ் அவரைத் தாண்டிப் போனது.

அதன் பிறகு அந்த பஸ்ஸில் பயணம் செய்தது பெரிய வேதனை. பாட்டு இல்லாததால் வண்டியின் ஒவ்வொரு ஆணியும் தனித்தனியாக ஆடுவது கேட்டது. யாராலும் தூங்க முடியவில்லை. தூங்காதவர்கள் பேசியாக வேண்டும், என்ன பேசுவது? இரண்டு வருடம் தோளோடு தோள் இடித்து உட்கார்ந்தும் டீச்சருக்கு எத்தனை பிள்ளைகள் என்று எனக்குத் தெரியாது. தெரிந்துகொண்டேன். மூன்று. மூன்று பேருடைய மதிப்பெண்களும் வந்தன. முன்சீட்டில் ஜன்னலை மூடுவதா திறப்பதா என்று தினமும் சண்டை. பின்சீட்டில் அரசியல். பாட்டு ஓடியபோது நாங்கள் ஒருவரோடு ஒருவர் பேசாமலிருந்தது யாருக்கும் தப்பாகத் தெரியவில்லை. பாட்டு நின்றதும் அதே மௌனத்துக்குக் கோபம் என்று பெயர் வந்தது. பேசாமல் சேர்ந்திருப்பதற்கு அந்தப் பெட்டிதான் இத்தனை நாள் எங்களுக்கு அனுமதி கொடுத்திருக்கிறது என்று அப்போதுதான் புரிந்தது. சினிமாப் பாட்டு மனிதர்களைக் கெடுக்கிறது என்று யார் சொன்னாலும் எனக்கு இன்றைக்கும் எரிச்சல் வரும்.

அண்ணாச்சி பஸ்ஸைக் கன்னாபின்னாவென்று ஓட்டினார். ஒருநாள் சீக்கிரம், ஒருநாள் தாமதம். அவர் முகத்தைக் கண்ணாடியில் பார்க்கவே எனக்குத் துணிவில்லை. சொல்லிவிடலாம் என்று தினமும் காலையில் நினைப்பேன், இறங்கும்போது நாளைக்கு என்று தள்ளிப்போடுவேன். பன்னிரண்டு நாள் இப்படி ஓட்டினேன். என் கோழைத்தனத்தை இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

பதின்மூன்றாம் நாள் நல்ல கார்த்திகை மழை. வீரவநல்லூர்த் தெருமுனையில் கோர்ட் சார் குடையோடு நின்றிருந்தார். கை நீட்டவில்லை, நீட்டிப் பயனில்லை என்று விட்டுவிட்டார் போல. பஸ் வருவதைப் பார்த்ததும் நிறுத்தத்தை நோக்கி ஓடத் தொடங்கினார். நாங்கள் அவரைத் தாண்டியபோது சேறு அவர் வேட்டி முழுக்க அடித்தது. பின்கண்ணாடி வழியாகத் திரும்பிப் பார்த்தேன். அவர் ஓட்டத்தை நிறுத்திவிட்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். யாரையும் திட்டவில்லை. அதற்கு மேல் என்னால் உட்கார்ந்திருக்க முடியவில்லை.

அன்றைக்கே அரைநாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுப் போக்குவரத்து அலுவலகத்துக்குப் போனேன். அந்தப் பிரிவில் இருந்த பெண் என் வயதுதான். என் நகலைக் கோப்பிலிருந்து எடுத்துப் படித்துப் பார்த்துச் சிரித்தார். "நீங்க வரிசையை மாத்தக் கூடாதுன்னு கேட்டிருக்கீங்க. எங்களுக்கு வரிசை தெரியாதுக்கா. பெட்டிக்கு அனுமதி இருக்கா இல்லையா, அது மட்டும்தான் தெரியும்." பஸ் முதலாளி அனுமதி கேட்டு விண்ணப்பித்தால், சத்தம் மிதமாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு கிடைக்கும் என்றார். மனுவைத் திரும்பப் பெறுவதாக நான் எழுதிக் கொடுத்தால் சுலபமாக முடியும் என்றும் சொன்னார். என் பெயரையும் முகவரியையும் போட்டு நான்கு வரி எழுதிக் கையெழுத்திட்டேன். நகல் யாருக்கும் போடவில்லை.

மறுநாள் ஏழே முக்காலுக்கே பஸ் நிலையத்துக்குப் போனேன். அண்ணாச்சி டீக்கடை பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்தார். ஆண்கள் மட்டும் நிற்கும் கடை அது. போய் எதிரில் நின்றேன்.

"அண்ணாச்சி, அந்தத் தாளு நான் அடிச்சது. கோர்ட்டு சாருக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது."

"நீயா தாயி?"

கோபப்படுவார் என்று நினைத்தேன். எனக்கு ஒரு டீ சொல்லிவிட்டுக் கையை நீட்டினார். என்னிடமிருந்த இன்னொரு கார்பன் நகலைக் கொடுத்தேன். உதடு அசைய மெதுவாகப் படித்தார். ஒரு இடத்தில் நின்று, மறுபடியும் மேலே போய்ப் படித்தார்.

"அயர்ந்து உறங்கின்னு போட்டிருக்கே. அப்போ எல்லாரும் தூங்கிட்டா வந்தீய?"

கடைக்காரர் நீட்டிய டீயை வாங்கிக்கொண்டேன்.

"ரெண்டு வருசமா? ஒருத்தர்கூடவா முழிச்சிருக்கல?"

போக்குவரத்து அலுவலகம், விதி, அனுமதி என்று இரவெல்லாம் சமாதானம் யோசித்து வைத்திருந்தேன். இந்தக் கேள்வி அதில் வரவே இல்லை.

"ஞாயித்துக்கிழமை வீட்டுல இருக்காம அந்தக் கடையில உக்காந்து ஒவ்வொண்ணாப் பொறுக்கிப் போட்டிருக்கேன்" என்றார். குரல் இறங்கிவிட்டது. "எல்லாரும் கேக்குதாங்கன்னு நெனச்சேன். நான் யாருக்குப் போட்டேன்?"

பெட்டி போனதைவிட இதுதான் அவருக்குப் பெரிய அடி என்று எனக்குத் தெரிந்தது. என்ன தோன்றியதோ, வரிசையைச் சொல்லத் தொடங்கினேன்.

"ஆத்துப் பாலத்துல புல்லாங்குழல் பாட்டு, அண்ணாச்சி. பாலம் எறங்கினதும் அந்த அம்மா பாடுத தாலாட்டு."

அவர் தாளிலிருந்து தலையைத் தூக்கினார். "வெள்ளங்குளி விலக்குல?"

"ரெண்டு ஆம்பளைங்க சைக்கிள்ல போயிட்டே பாடுதது. விசில் வரும்."

"காருகுறிச்சி?"

"நாதஸ்வரம். அந்த வித்வான் ஊருல வேற எதைப் போட முடியும்?"

அவர் முகத்தில் சின்னதாக ஒரு மாற்றம். பத்தமடை, முன்னீர்பள்ளம் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். ஒரு இடத்தில் பாட்டின் முதல் சொல் எனக்கு நினைவு வரவில்லை. மெட்டைத்தான் முனகிக் காட்ட வேண்டியிருந்தது. டீ குடிக்க வந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். வாழ்க்கையில் நான் பொது இடத்தில் பாடியது அந்த ஒரு தடவைதான், அதுவும் சுருதி இல்லாமல்.

"இதெல்லாம் தூக்கத்துலயா கேட்டே?"

"ஆமா. நான் மட்டும் இல்ல, இருபத்தேழு பேரும் சொல்லுவாங்க. முழிச்சிருந்து கேட்டிருந்தா இவ்வளவு ஞாபகம் இருந்திருக்காது."

அவர் தாளை நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். "டீயைக் குடி, ஆறிப்போவுது" என்றார்.

அன்றைக்கு வீரவநல்லூர்த் தெருமுனையில் பஸ் நின்றது. கோர்ட் சார் இன்னும் வீட்டை விட்டே வரவில்லை. அண்ணாச்சி ஹாரனை அடித்துக்கொண்டே இருந்தார். ஒரு கையில் செருப்போடு ஓடிவந்தவர், எதற்குத் திட்டு விழப்போகிறதோ என்று பயந்து ஏறினார். நான் எழுந்து எல்லோர் முன்னிலையிலும் நடந்ததைச் சொன்னேன். கோர்ட் சார் செருப்பைக் காலில் மாட்டிக்கொண்டே, "நகல் போடாம எப்படிம்மா கடிதம் முடியும்?" என்றார். பஸ்ஸில் அதைப் புரிந்துகொண்டு மன்னித்தவர் அவர் ஒருவர்தான்.

முதலாளி ஊர் திரும்பி, விண்ணப்பம் போட்டு, பெட்டி மறுபடி ஏற மூன்று வாரம் ஆனது. பாட்டு வரப்போகும் நாளுக்கு முந்தின நாள் நான் சீட்டு சீட்டாகப் போய்ச் சொல்லி வைத்தேன்: நாளைக்கு ஒருத்தரும் தூங்கக் கூடாது, அந்த மனுசன் மனம் நொந்து போயிருக்கிறார்.

சொன்னபடி யாரும் தூங்கவில்லை. பழைய கேசட்தான். பாலத்தில் புல்லாங்குழல் வந்தது. பஸ் முழுக்க ஆட்கள் பரீட்சை எழுத வந்தவர்களைப் போல் விறைத்து உட்கார்ந்திருந்தார்கள். கோர்ட் சார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றாமல், தொடையைக் கிள்ளிக்கொண்டே வந்தார். எனக்குக் கண் எரிந்தது. அண்ணாச்சி அடிக்கடி கண்ணாடியில் எங்களைப் பார்த்தார். காருகுறிச்சி நாதஸ்வரத்துக்குப் பின்சீட்டில் யாரோ கை தட்டினார்கள். சேரன்மகாதேவியில் டீச்சர் ஏறி, பையை மடியில் வைத்து, கண்ணை அகலத் திறந்து உட்கார்ந்தார்.

அண்ணாச்சி கேசட்டைத் திருப்பிக் கையில் வைத்துக்கொண்டு, போடாமல், சீட்டிலிருந்து எங்கள் பக்கம் திரும்பினார்.

"எதுக்கு எல்லாரும் எழவு வீட்டுக்கு வந்த மாதிரி உக்காந்திருக்கீய? இத்தனை கண்ணு முழிச்சுப் பாத்துட்டிருந்தா எனக்கு வண்டி ஓட்டவே ஓடலை." எங்கள் யாருக்கும் சிரிக்கத் துணிவில்லை. "தூங்குங்க. எடம் வந்ததும் நான் எழுப்பி விடுதேன்."

கேசட்டைப் போட்டார், பஸ் கிளம்பியது. பத்தமடை வருவதற்குள் கோர்ட் சார் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப்பையில் வைத்தார். அவர் தலை முன்சீட்டுக் கம்பியில் சாய்வதை அண்ணாச்சி பார்த்தார். கையை மேலே நீட்டி, பாட்டின் சத்தத்தை ஒரு திருகு குறைத்தார்.